வெள்ளையும் ஒரு திரைதான்

உங்கள் கேள்வியை நான் புரிந்துகொண்டபடி முதலில் சொல்லிவிடுகிறேன். பாலக்காட்டுக் கணவாயில், கொல்லங்கோட்டுக்கும் கோவிந்தாபுரம் செக்போஸ்டுக்கும் இடைப்பட்ட ஓர் ஊரில் நடக்கும் நாவல் எழுதுகிறீர்கள். அதில் 300 ஆண்டுகளுக்கு முன் தோன்றி மறைந்துபோன ஒரு தத்துவ மரபு வருகிறது. ஒளியும் நிறமும்தான் உலகத்துக்கு ஆதாரம் என்பது அதன் கொள்கை. வானவில்லின் ஏழு நிறத்துக்கும் ஏழு குணம், ஏழு ஞானப்படி என்று அட்டவணை போட்டு வைத்திருக்கிறீர்கள். இது நம்பும்படி இருக்குமா, நிஜத்தில் இதுபோல ஏதாவது இருந்திருக்கிறதா, இங்குள்ள ஒரு கோயிலோடு இதை முடிச்சுப் போடலாமா என்று மூன்றாகக் கேட்டிருக்கிறீர்கள். மூன்றுக்கும் அடியில் ஒரே கேள்விதான் இருப்பதாக எனக்குப் படுகிறது: ஒரு நிற அட்டவணை எந்த இடத்தில் தத்துவமாக மாறுகிறது?

நான் பாலக்காட்டுச் சித்தூர்ப் பக்கத்துத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவன். கல்லூரியில் இந்தியத் தத்துவம் பாடம் நடத்தியே வயதாகிவிட்டது. சைவ சித்தாந்தமும், தர்க்க மரபுகளான நியாய வைசேடிகமும் நான் மூலத்திலிருந்து படித்துப் படிப்பித்தவை. அவற்றைப் பற்றிச் சொல்வதை உறுதியாக எடுத்துக்கொள்ளலாம். பாரசீக மரபை மொழிபெயர்ப்பில் மட்டும்தான் படித்திருக்கிறேன். ஒளியியல் விஷயங்களில் இயற்பியல் துறை நண்பர்களிடம் கேட்டுத் தெளிந்த அளவுதான் பேசுவேன். இவையெல்லாம் போக, என் ஊகம் என்று ஒன்று வரும் இடத்தில் அது ஊகம் என்றே சொல்லிவிடுகிறேன்.

அட்டவணையிலிருந்தே தொடங்கலாம். வானவில்லுக்கு ஏழு நிறம் என்பது நமக்கு ஒன்றாம் வகுப்பிலிருந்து பழகிப்போனது. ஆனால் அந்த எண்ணிக்கை நியூட்டன் தந்தது. பட்டகத்தில் பிரிந்த ஒளியை அவர் முதலில் ஐந்தாகத்தான் எண்ணினார். பிறகு இசையின் ஏழு சுரத்தோடு பொருந்தட்டும் என்று ஆரஞ்சையும் கருநீலத்தையும் சேர்த்துக்கொண்டார். ஒளியியல் பற்றிய அவருடைய நூல் 1704இல் வந்தது. உங்கள் குருநாதர் ஏறக்குறைய அதே காலத்து ஆள். கொல்லங்கோட்டில் உட்கார்ந்திருந்த ஒருவர் அந்த ஏழைச் சொல்ல வழியே இல்லை. அவரைச் சுற்றி வேறு கணக்குகள் இருந்தன. பகவதி கோயில் தரையில் வண்ணப்பொடியால் வரையும் களத்தில் ஐந்து நிறம். தர்க்கம் படித்தவர்களிடம் ஏழு நிறம் உண்டு, ஆனால் அந்த ஏழு வேறு: வெள்ளை, நீலம், மஞ்சள், சிவப்பு, பச்சை, கபிலம், சித்திரம். கடைசியாக வரும் சித்திரம் என்பது பல நிறம் சேர்ந்த நிறம். 17ஆம் நூற்றாண்டில் அன்னம்பட்டர் எழுதிய தர்க்க சங்கிரகம் இந்தப் பட்டியலைத்தான் தருகிறது. தென்னாட்டில் தர்க்கம் படிக்கப் போன பையன் முதலில் கையில் எடுத்த புத்தகங்களில் ஒன்று அது.

இந்தப் பட்டியலுக்குப் பின்னால் நடந்த சண்டையைப் பாருங்கள். தறியில் நீலப் பாவு ஓட்டி மஞ்சள் ஊடை கொடுத்தால் வரும் துணிக்கு என்ன நிறம்? நூல் நூலாகப் பார்த்தால் நீலமும் மஞ்சளும் இருக்கின்றன. ஆனால் துணி என்பது நூல்களின் குவியல் இல்லை, அது புதிதாகப் பிறந்த ஒரு தனிப்பொருள் என்பது நியாயக்காரர்கள் கொள்கை. தனிப்பொருள் என்றால் அதற்குத் தனி நிறம் வேண்டும். நிறமே இல்லாவிட்டால் கண்ணுக்குத் தெரியாது. அதனால்தான் சித்திரம் என்று ஏழாவதாக ஒரு நிறத்தை அவர்கள் ஒப்புக்கொள்ள வேண்டி வந்தது. அது தேவையே இல்லை, துணியில் அங்கங்கே தனித்தனி நிறம் இருக்கிறது என்று சொன்னால் போதுமே என்று மறுத்தவர்களும் உண்டு. இதேபோல இன்னொரு வழக்கு சூளையில் வேகும் பானை. கறுத்திருந்த பச்சைமண் பானை வெந்து சிவப்பாகிறது. சிவந்தது எது? பானை அணு அணுவாகச் சிதறி, அணுக்கள் சிவந்து, மறுபடி பானையாகக் கூடுகிறது என்றார்கள் வைசேடிகர்கள். அதெல்லாம் வேண்டாம், பானை பானையாகவே இருந்து சிவக்கிறது என்றார்கள் நியாயக்காரர்கள். நூற்றாண்டுக் கணக்கில் நடந்த விவாதம் இது. தேயு, அதாவது நெருப்பு என்ற பூதத்துக்கு அவர்கள் தந்த இலக்கணமும் அழகானது: ஒளிர்கிற வெண்மை அதன் நிறம், சூடு அதன் தொடுவுணர்வு. தண்ணீருக்கும் வெண்மைதான், ஆனால் ஒளிராத வெண்மை. தங்கத்தை மண்ணோடு சேர்க்காமல் தேயுவோடு சேர்த்தார்கள், எவ்வளவு காய்ச்சினாலும் அதன் உருகும் தன்மை கெடுவதில்லை என்பதால். அதன் மஞ்சள் கூட ஒட்டியிருக்கும் மண்ணின் நிறம் என்று வாதித்தார்கள். உங்கள் நாவலில் ஒரு தட்டான் இருந்தால் இந்த ஒரு வரியை அவர் வாயில் வைத்துப் பாருங்கள், அந்த இடம் உயிர்பெறும்.

இருட்டைப் பற்றிய வழக்கு இன்னும் முக்கியம். ஒளியை ஆதாரமாக வைக்கும் எந்த மரபும் இருட்டு என்றால் என்ன என்று சொல்லியாக வேண்டும். ஒளி இல்லாததுதான் இருட்டு, அது தனியாக ஒரு பொருள் இல்லை என்பது நியாய வைசேடிகம். வேதச் சடங்குகளை ஆராய்ந்த மரபினரில் குமாரிலர் வழிவந்த மீமாம்சகர்கள் இதை ஒப்புக்கொள்ளவில்லை. இருட்டுக்குக் கறுப்பு என்று நிறம் தெரிகிறது, விளக்கை நகர்த்தினால் இருட்டும் நகர்கிறது. நிறமும் அசைவும் இருந்தால் அது பொருள்தானே என்று கேட்டார்கள். நம் சித்தாந்தத்தில் 14ஆம் நூற்றாண்டு உமாபதி சிவாச்சாரியார் திருவருட்பயனில் இதைவிட ஒரு படி உள்ளே போகிறார். புற இருள் எந்தப் பொருளையும் காட்டாது, ஆனால் தன்னையாவது காட்டும். உயிரை மறைக்கும் அழுக்கான ஆணவ மலம் பொருளையும் காட்டாது, தன்னையும் காட்டாது என்கிறார். இருட்டில் இருப்பவனுக்கு இருட்டில் இருக்கிறோம் என்று தெரியும். ஆணவத்தில் இருப்பவனுக்கு அதுகூடத் தெரியாது. இரண்டே அடிக் குறளில் இருக்கிறது இது. எத்தனை முறை பாடம் நடத்தினாலும் இந்த இடத்தில் எனக்குக் குரல் மாறிவிடும்.

சரி, இரண்டாவது கேள்வி. நிறப்படிகளை வைத்து நடந்த மரபு நிஜத்தில் உண்டா? உண்டு, தமிழிலேயே இரண்டு இடத்தில் தெளிவாக இருக்கிறது. மணிமேகலையில் சமயவாதிகள் தத்தம் கொள்கையைச் சொல்லும் காதையில் ஆசீவகம் என்ற பழைய துறவு மரபைச் சேர்ந்த ஆசீவகன் உயிர்களுக்கு ஆறு பிறப்பு சொல்கிறான்: கரும்பிறப்பு, கருநீலப்பிறப்பு, பசும்பிறப்பு, செம்பிறப்பு, பொன்பிறப்பு, வெண்பிறப்பு. கடைசி வெண்பிறப்பைச் சேர்ந்தவர்கள் வீடடைவார்கள். சமணத்திலும் இலேசியை என்று ஆறு நிறம் உயிரின் தன்மைக்குத் தக்கபடி ஒட்டும், அங்கும் கறுப்பில் தொடங்கி வெள்ளையில் முடியும். அப்புறம் வடலூருக்கு வாருங்கள். வள்ளலார் 1872இல் திறந்த சத்திய ஞான சபையில் ஜோதியை மறைத்து ஏழு திரைகள் தொங்குகின்றன: கறுப்பு, நீலம், பச்சை, சிவப்பு, பொன், வெள்ளை, ஏழாவது கலப்பு. தைப்பூசத்தன்று ஒவ்வொன்றாக விலக்கி ஜோதி தரிசனம் காட்டுகிறார்கள்.

முதல் ஆறு நிறங்களை மணிமேகலையின் பட்டியலோடு வைத்துப் பாருங்கள். வரிசை மாறவில்லை. கறுப்பு, நீலம், பச்சை, சிவப்பு, பொன், வெள்ளை. இதைப் பார்த்தவுடன் ஆசீவகம் பல நூற்றாண்டு மறைந்திருந்து வடலூரில் வெளிப்பட்டது என்று எழுதத் துடிக்கும் கை. அப்படிச் சொல்ல நம்மிடம் ஆதாரம் இல்லை. இருண்டதிலிருந்து வெளுத்ததுவரை நிறங்களை அடுக்க உட்கார்ந்தால் யாருக்கும் ஏறக்குறைய இந்த வரிசைதான் வரும் என்பதும் சாத்தியமே. வரிசை ஒன்றாக இருப்பது உறுதி, வழிவழியாக வந்தது என்பது வெறும் ஊகம். இரண்டையும் கலக்கக் கூடாது. எனக்கு இதில் பெரிதாகத் தெரிவது வேறு. ஆசீவகனுக்கு வெள்ளை போய்ச் சேரவேண்டிய இடத்தின் வாசல். வடலூரில் வெள்ளையும் ஒரு திரைதான். அதையும் விலக்கியாக வேண்டும். விலக்கினால் அதற்குப் பின்னால் கலப்பு நிறத் திரை இருக்கிறது, அதற்கும் பின்னால்தான் ஜோதி. நிறங்கள் அதே நிறங்கள், வரிசை அதே வரிசை, சொல்லும் விஷயம் நேர் எதிர். நிறத்தை ஏணியாக வைத்தால் ஒருவன் மேலே நிற்பான், ஒருவன் கீழே நிற்பான். திரையாக வைத்தால் எல்லோரும் திரைக்கு இந்தப் பக்கம்தான் நிற்கிறோம். உங்கள் அட்டவணை இந்த இரண்டில் எது என்று நீங்கள் முடிவு செய்த நிமிடத்திலிருந்து அது தத்துவம்.

இந்த முடிவு வெறும் ஏட்டு விஷயம் இல்லை. கறுப்பு தாழ்வு, வெள்ளை உயர்வு என்று ஒரு மரபை நம் எல்லைநாட்டு மண்ணில் நட்டால் அது எந்தத் தண்ணீரைக் குடித்து வளரும் என்று உங்களுக்கே தெரியும். அந்தச் சாதி அழுத்தத்துக்கு எதிராக ஒளியைப் பிடித்தவர்களும் இந்த மண்ணில்தான் இருந்தார்கள். அன்று திருவிதாங்கூரில் இருந்த சாமித்தோப்பில் அய்யா வைகுண்டர் வழியினர் சிலைக்குப் பதில் கண்ணாடியை வைத்து வணங்குகிறார்கள். நாராயண குரு 1920களில் காரமுக்கில் ஒரு விளக்கையும், களவங்கோட்டில் ஒரு கண்ணாடியையும் பிரதிட்டை செய்தார். அவர் தமிழ்ச் சைவ நூல்களில் தோய்ந்தவர், தமிழிலேயே தேவாரப் பதிகங்கள் பாடியவர். விளக்கு, கண்ணாடி, திரை என்று மூன்று பொருள்களை மூன்று பெரியவர்கள் கையில் எடுத்திருக்கிறார்கள். மூவரையும் ஒரே மரபாகக் கட்டிவிட நான் வரவில்லை. ஒவ்வொருவர் வழியும் தனி. ஆனால் உங்கள் கற்பனைக் குரு இவர்களுக்குக் குறைந்தது ஒரு நூற்றாண்டு முன்னவர் என்றால், அவர் எந்த வலியிலிருந்து ஒளியைப் பேசினார் என்று நாவல் சொல்ல வேண்டியிருக்கும்.

தமிழுக்கு வெளியே பார்த்தால், ஒளியை மட்டுமே அடித்தளமாக வைத்து ஒரு முழுத் தத்துவத்தைக் கட்டியவர் பாரசீகத்தில் பிறந்த சுஹ்ரவர்தி. 1191இல் சிரியாவின் அலெப்போவில் கொல்லப்பட்டார், நாற்பது வயதுகூட ஆகவில்லை. ஒளியை வரையறுக்க முடியாது, ஏனென்றால் அதைவிட வெளிப்படையானது எதுவும் இல்லை என்பது அவர் தொடங்கும் இடம். ஒளிகளுக்கெல்லாம் ஒளி ஒன்று, அதிலிருந்து படிப்படியாக மங்கி வரும் ஒளிகள் என்று அவர் உலகம் இறங்குகிறது. நான் படித்தவரை நிறத்துக்கு அதில் பெரிய இடம் இல்லை. எல்லாம் பிரகாசத்தின் கூடுதல் குறைவுதான். அதனால் அவரைப் படியுங்கள், ஆனால் நகல் எடுக்க வேண்டாம்.

இனி நம்பும்படி எப்படிச் செய்வது என்பதற்கு என் யோசனை. உங்கள் மரபுக்கு நிறத்துக்கு ஒரு குணம் என்ற அட்டவணையைத் தராதீர்கள், ஒரே ஒரு துணிச்சலான கூற்றைத் தாருங்கள். எனக்குத் தோன்றுவது இது: கண்ணுக்குத் தெரிவது எல்லாம் ஒளியைத் தடுப்பதால்தான் தெரிகிறது, நிறம் என்பது தடுக்கும் விதம். தடையே இல்லாத ஒளியை யாரும் பார்த்ததில்லை. ஓட்டுப் பொத்தல் வழியே வீட்டுக்குள் விழும் வெயில் கம்பி தெரிவது அதில் பறக்கும் தூசியால். தூசி இல்லாவிட்டால் தரையில் விழுந்த வட்டம் மட்டும்தான் இருக்கும். தூசி பற்றிய இந்த விஷயம் இன்றைய இயற்பியலுக்கும் ஒத்துப்போகிறது. இதிலிருந்து அந்த மரபு எங்கே போகும் என்று பாருங்கள். வழக்கமாக ஒளி நல்லது, மறைப்பது கெட்டது என்பார்கள். இவர்களோ மறைப்பும் சேர்ந்துதான் உலகத்தைக் காட்டுகிறது என்பார்கள். அது பெரிய விஷயம், ஆபத்தான விஷயமும்கூட.

இந்தக் கூற்றுக்கு உங்கள் ஊர்ப்பக்கமே ஒரு பிரமாணம் இருக்கிறது, தோல்பாவைக்கூத்து. பாலக்காடு, திருச்சூர், மலப்புறம் பக்கத்துப் பத்ரகாளி கோயில்களில் கூத்துமாடம் என்று தனிக் கட்டடமே உண்டு, 42 அடி நீளம். வெள்ளைத் துணித் திரை, அதன் கீழே கறுப்புத் துணி. திரைக்குப் பின்னால் தேங்காய் மூடிகளில் எண்ணெய் ஊற்றித் திரி போட்டு 21 விளக்கு. பாடுவது கம்பனின் தமிழ்ப் பாட்டு, விளக்கம் தமிழும் மலையாளமும் கலந்த நடையில். மான்தோலில் செதுக்கிய பாவை பெரும்பாலும் ஒளியை விடாது. திரையில் கறுப்பு நிழலாக விழும். அந்தக் கறுப்புக்குள் கிரீடமும் மாலையும் கண்ணும் எப்படித் தெரிகின்றன என்றால், தோலில் உளியால் போட்ட பொடிப்பொடித் துளைகள் வழியாக. அருகே போய்ப் பார்த்தால் ராமனின் முகம் என்று அங்கே ஒன்றும் இல்லை. தடுத்த தோலும் தடுக்காத துளையும் சேர்ந்து ஒரு முகம். விளக்குச் சுடர் காற்றில் ஆடும்போது முகம் மூச்சு விடுவதுபோல இருக்கும். ஆந்திரத்துத் தோலுபொம்மலாட்டம் வேறு வகை. அங்கே தோலைப் பதப்படுத்தி ஒளி ஊடுருவும்படி ஆக்கி, சாயம் ஏற்றுவார்கள். திரையில் விழுவது நிழல் இல்லை, சிவப்பும் பச்சையுமாக வண்ணம். தடுப்பதால் உருவம் என்று ஒரு கலை, விடுவதால் உருவம் என்று இன்னொரு கலை. உங்கள் மரபு இரண்டாகப் பிளந்து சண்டை போட வேண்டும் என்றால் பிளவு இங்கேயே தயாராக இருக்கிறது. ஆந்திரப் பக்கத்திலிருந்து பாவைக்கட்டோடு வரும் ஒருவர் உங்கள் குருவின் சீடர்களில் பாதியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு போகலாம்.

எதிர்வாதிகளை நிஜமாகவே பலசாலிகளாக எழுதுங்கள். அருள்நந்தி சிவாச்சாரியார் சிவஞான சித்தியாரைப் பரபக்கம், சுபக்கம் என்று இரண்டாக அமைத்து, பிறர் கொள்கையை முதலில் சொல்லி மறுத்துவிட்டுத்தான் தன் கொள்கைக்கு வருகிறார். முதல் எதிர்வாதி, பூதங்களுக்கு மேல் வேறெதுவும் இல்லை என்னும் உலகாயதன். அவன் களமெழுத்து நடக்கும் இடத்துக்கே வரட்டும். களத்துக்கு வெள்ளை அரிசிமாவு, கறுப்பு உமிக்கரி, மஞ்சள் மஞ்சள்பொடி, பச்சை இலைப்பொடி. சிவப்புக்குத் தனியாக எதுவும் இல்லை. மஞ்சள்பொடியில் சுண்ணாம்பைப் போட்டுக் கையால் பிசைகிறார்கள். விரலிடுக்கில் முதலில் ஆரஞ்சுக் கோடுகள் ஓடும், பிசையப் பிசைய மொத்தமும் ரத்தச் சிவப்பாகிவிடும். சுண்ணாம்பின் காரத்தன்மை பட்டால் மஞ்சளில் உள்ள குர்க்குமின் சிவக்கிறது என்பது இன்றைய விளக்கம். உலகாயதன் கேட்பான்: மஞ்சளில் சிவப்பு இல்லை, சுண்ணாம்பில் சிவப்பு இல்லை, உன் ஒளியும் மாறவில்லை, அதே விளக்குதான் எரிகிறது. சிவப்பு எங்கிருந்து வந்தது? பொருள்கள் கூடினால் புதிய குணம் பிறக்கிறது, அவ்வளவுதான். உயிரும் அப்படித்தான் உடம்பில் பிறக்கிறது. வெற்றிலையும் பாக்கும் சுண்ணாம்பும் கூடிச் சிவப்பதை வைத்து உலகாயதர்கள் உண்மையிலேயே இந்த வாதத்தைச் செய்ததாகப் பழைய நூல்கள் சொல்கின்றன. உங்கள் குரு இதற்கு, தடுக்கும் விதம் மாறியதால் நிறம் மாறியது என்று பதில் சொல்லலாம். சரியான பதில்தான். ஆனால் விதத்தை மாற்றியது பொருளா ஒளியா என்று அவன் அடுத்துக் கேட்டால் அவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருக்க வேண்டியிருக்கும்.

இரண்டாவது எதிர்வாதி சைவ சித்தாந்தி. இவர்தான் கடினமான ஆள், ஏனென்றால் இவர் பாதி தூரம் கூடவே வருவார். கண்ணுக்கு ஒளி இருந்தாலும் சூரிய ஒளி கூடினால்தான் பார்க்க முடியும், அதுபோல உயிர் அருளோடு கூடித்தான் அறியும் என்பது சித்தாந்தத்தின் அடிப்படை உவமை. பளிங்கு பக்கத்தில் உள்ள நிறத்தைக் காட்டுவதுபோல உயிர் சார்ந்ததன் வண்ணமாகும் என்பதும் அவர்கள் கொள்கைதான். இவ்வளவு தூரம் ஒத்து வந்துவிட்டு அவர் கேட்பார்: மறைப்பதை நாங்கள் மலம் என்கிறோம். நீ அதை உலகத்தைக் காட்டும் துணை என்கிறாய். அப்படியானால் மலம் நீங்கிய முத்தியில் எதுவுமே தெரியாது என்றாகிறதே, அந்த முத்தி யாருக்கு வேண்டும்? இது நிஜமான சிக்கல். நானே உட்கார்ந்து யோசித்துப் பார்த்தேன், உங்கள் மரபுக்குள் இருந்து சுத்தமான பதில் எனக்குக் கிடைக்கவில்லை. சித்தாந்தத்திலேயே திரோதானம் என்று ஒன்று உண்டு, இறைவனின் ஐந்தொழிலில் மறைத்தலும் ஒன்று, அதுவும் அருள்தான். அந்தக் கயிற்றைப் பிடித்து உங்கள் குரு தப்பிக்கப் பார்க்கலாம். பிடித்தால் அவர் சித்தாந்தியாகிவிடுவாரே என்று சீடர்கள் பதறட்டும்.

மூன்றாவது எதிர்க்கேள்வி யாரிடமிருந்து வர வேண்டும் என்றால், பார்வை இல்லாத ஒருவரிடமிருந்து. என் வகுப்பில் பிறவியிலேயே பார்வையில்லாத ஒரு மாணவி இருந்தார். தேயு பற்றிய பாடத்தில், ‘சார், நிறத்தை விட்டுடுங்க, சூடு எனக்குத் தெரியுமே. வெயில் எந்தப் பக்கம் அடிக்குதுன்னு நான் சொல்லுவேன்’ என்றார். வைசேடிகர்கள் தேயுவுக்குச் சூட்டையும் இலக்கணமாக வைத்ததன் அருமை அன்றைக்குத்தான் வகுப்பு முழுவதுக்கும் புரிந்தது. ஒளியைக் கண்ணுக்கு மட்டும் சொந்தமாக்கிய மரபு அவரை வெளியே நிறுத்திவிடும். உங்கள் மரபு அவருக்கு என்ன சொல்கிறது என்பதை ஓர் அத்தியாயமாகவே எழுதலாம். மனிதர்களைப் பற்றிய அதன் எண்ணம் அங்கேதான் வெளியே வரும்.

பயிற்சி என்று ஒன்று வேண்டும் என்றால் அந்திநேரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். வெளிச்சம் குறையும்போது எல்லா நிறமும் ஒன்றாக மங்குவதில்லை. முதலில் போவது சிவப்பு. வேலியோரச் செம்பருத்தி கறுத்துப்போன பிறகும் அதன் இலை கொஞ்ச நேரம் வெளிறித் தெரியும். பகலில் பூதான் எடுப்பாக இருந்தது, இப்போது இலை முந்திக்கொள்கிறது. மங்கிய ஒளியில் வேலை செய்யும் விழித்திரைச் செல்கள் சிவப்பை ஏறக்குறைய உணர்வதே இல்லை என்பது காரணம். 19ஆம் நூற்றாண்டில் பர்கின்யே என்ற செக் நாட்டு உடலியலாளர் கவனித்து எழுதியதால் அவர் பெயரிலேயே வழங்குகிறது. கருவி எதுவும் வேண்டாம், வாசல்திண்ணையில் உட்கார்ந்து பார்க்கத் தெரிந்த யாரும் 300 ஆண்டுக்கு முன்பே கண்டுபிடித்திருக்கலாம். நிறங்கள் விடைபெறும் வரிசையைத் தினமும் பார்ப்பதே உங்கள் மரபின் சந்தியாவந்தனமாக இருக்கட்டும். இன்னொன்று: எண்ணெய் விளக்கின் ஒளியில் நீலம் மிகக் குறைவு. நீலத் துணியையும் கறுப்புத் துணியையும் விளக்கு வெளிச்சத்தில் பிரித்தறிவது கஷ்டம். இரவெல்லாம் விளக்கின் முன் உட்கார்ந்து யோசித்த ஒரு மரபுக்கு நீலம் சந்தேகத்துக்குரிய நிறமாகத்தான் இருந்திருக்கும். இது என் ஊகம், ஆனால் நாவலுக்கு நல்ல ஊகம் என்று நினைக்கிறேன்.

கடைசியாகக் கோயில் விஷயம். நிஜக் கோயிலோடும் நிஜக் குடும்பத்தோடும் சேர்க்காதீர்கள், இதில் எனக்கு இரண்டாவது எண்ணமே இல்லை. இந்தப் பக்கத்துக் கோயில் ஒவ்வொன்றிலும் பாவை ஆட்டும் உரிமை யாருக்கு, களம் எழுதும் உரிமை யாருக்கு என்பது தலைமுறைகளாக வரும் வாழ்வாதாரம். ஒரு கற்பனை ஏட்டுச்சுவடி நாலு பேர் பகிர்ந்துவிட்டால் வரலாறாகிவிடுகிறது. பிறகு அதை யாராலும் திருப்பி எடுக்க முடியாது. ஊரையே கற்பனையாக வையுங்கள், கணவாய்க் காற்றும் பனைமரமும் மொழியும் நிஜமாக இருக்கட்டும். 1956 வரை பாலக்காடு சென்னை மாகாணத்து மலபாரில் இருந்தது, பக்கத்துச் சித்தூர் 1949 வரை கொச்சி ராஜ்யத்தில் இருந்தது. இரண்டு ஆட்சிக்கும் நடுவே ஒரு கற்பனை ஊரை நுழைக்க இடம் தாராளமாக இருக்கிறது. மரபின் மூலப்பாட்டுகள் தமிழில் இருக்கட்டும், உரை மலையாளம் கலந்ததாக இருக்கட்டும், இரண்டையும் மலையாள எழுத்தில் யாரோ எழுதிவைத்ததாக இருக்கட்டும். நாவலின் முன்னுரையில் இது முழுக்க என் கற்பனை என்று ஒரு வரி போட்டுவிடுங்கள்.

ஒன்று மட்டும் நீங்கள் சொல்லவில்லை. சாங்கியம் என்ற பழைய தத்துவ வழக்கில் முக்குணங்களில் சத்துவத்துக்கு வெள்ளை, ராசதத்துக்குச் சிவப்பு, தாமதத்துக்குக் கறுப்பு. கதகளியில் ராமனுக்கும் அர்ஜுனனுக்கும் முகத்தில் பூசுவது பச்சை. மலைக்கு இந்தப் பக்கம் ஒரு கணக்கு, அந்தப் பக்கம் ஒரு கணக்கு. உங்கள் ஊர் இரண்டுக்கும் நடுவில் இருக்கிறது. உங்கள் அட்டவணையில் பச்சை எத்தனையாவது இடத்தில் இருக்கிறது, ஏன் அங்கே வைத்தீர்கள் என்று எழுதுங்கள். அதைப் பார்த்தால் மேற்கொண்டு என்ன படிக்கலாம் என்று சொல்ல முடியும்.